ஷீட் கம்பெனியில் வேலை பார்த்த அப்பா: பதின்மூன்று வருடம் கழித்து இழப்பீடு கேட்க முடியுமா?

கேள்வி, 2024 பிப்ரவரி 9

அப்பா 1987இலிருந்து 24 வருடம் ஆஸ்பெஸ்டாஸ் ஷீட் கம்பெனியில் இருந்தார். 2011இல் ஓய்வு. போன வருடம் மாசியில் மூச்சு வாங்க ஆரம்பித்தது. டிபி என்று ஆறு மாதம் மாத்திரை கொடுத்தார்கள். இரண்டு முறை நெஞ்சிலிருந்து நீர் எடுத்தார்கள். டிசம்பரில் பயாப்ஸி செய்து மீசோதீலியோமா, நுரையீரலைச் சுற்றிய சவ்வில் வரும் புற்றுநோய், என்றார்கள். வயது 71. வக்கீலிடம் போனால் "ரெண்டு வருஷம் எப்பவோ முடிஞ்சு போச்சு" என்கிறார். கம்பெனியும் கைமாறிவிட்டது. உண்மையிலேயே வழி இல்லையா?

2024 பிப்ரவரி 11

உங்கள் வக்கீல் சொன்னது பாதி சரி. நான் வக்கீல் இல்லை. பதினொரு வருடம் லேபர் கேஸ் பார்க்கும் ஒரு சீனியரிடம் குமாஸ்தாவாக இருந்தேன், இப்போது கோர்ட் எதிரில் ஜெராக்ஸ் கடை. அந்த அளவுக்கு எடுத்துக்கொள்ளுங்கள்.

1923ஆம் வருடத்து ஊழியர் இழப்பீட்டுச் சட்டம், பத்தாவது பிரிவு. விபத்து நடந்த இரண்டு வருடத்துக்குள் மனு போட வேண்டும். தொழிலால் வரும் நோய்க்கு "விபத்து நாள்" எது என்று தனியாகச் சொல்லியிருக்கிறார்கள். வேலையை விட்ட ஆளாக இருந்தால், விட்ட இரண்டு வருடத்துக்குள் அறிகுறி தெரிந்தால் அந்த நாளையே விபத்து நாளாக வைத்துக்கொள்ளலாம். மீசோதீலியோமாவோ ஆஸ்பெஸ்டாஸ் நார் மூச்சோடு உள்ளே போய் இருபது, முப்பது, நாற்பது வருடம் கழித்துத்தான் தலைகாட்டும். வேலையை விட்ட இரண்டு வருடத்துக்குள் வந்து நிற்க வேண்டும் என்று அதற்கு யார் சொல்வது?

ஆனால் அதே பிரிவில் இன்னொரு வரி இருக்கிறது. தாமதத்துக்குப் போதுமான காரணம் இருந்தால், இழப்பீட்டு மனுவை விசாரிக்கும் ஆணையர் அதை ஏற்கலாம். டிசம்பரில்தான் நோய் என்னவென்றே தெரிந்தது, அதுவரை டிபி மாத்திரை சாப்பிட்டார் என்பதைவிடப் போதுமான காரணம் எனக்குத் தெரிந்து இல்லை. டிபி சீட்டுகளைத் தூக்கி எறிந்துவிடாதீர்கள். தப்பான வைத்தியத்தின் சீட்டுதான் இங்கே உங்களுக்கு நல்ல சாட்சி.

என் பெரியப்பாவும் ஷீட் கம்பெனிதான். அவர் வழக்கு இந்த இரண்டு வருடத்தில் அடிபட்டுத்தான் போனது. அதனால்தான் இவ்வளவு தெரியும்.

அதே நாள், இரவு

ஒன்று விட்டுப்போனது. சட்டத்தின் மூன்றாம் அட்டவணை தொழில்நோய்களின் பட்டியல். அதில் அஸ்பெஸ்டோசிஸும் (நார் படிந்து நுரையீரல் தழும்பேறுவது) இருக்கிறது, ஆஸ்பெஸ்டாஸால் வரும் நுரையீரல் புற்றுநோயும் மீசோதீலியோமாவும் இருக்கின்றன. அதாவது இது தொழில்நோய்தானா என்ற சண்டையே வேண்டியதில்லை. அந்த வேலையில் இருந்தார், இந்த நோய் வந்தது, இரண்டையும் காட்டினால் போதும், இல்லை என்று நிரூபிப்பது கம்பெனியின் பாடு.

டிஸ்சார்ஜ் சம்மரியில் "24 வருடம் ஆஸ்பெஸ்டாஸ் தொழிற்சாலையில் வேலை" என்று டாக்டர் கைப்பட எழுத வேண்டும். அவர்களாக எழுத மாட்டார்கள். "பீடி குடிப்பாரா?" என்று கேட்பார்கள், "என்ன வேலை பார்த்தார்?" என்று கேட்க மாட்டார்கள்.

2024 பிப்ரவரி 14

பீடி என்றதும் ஒருவர் பிடித்துக்கொண்டார். "அப்பா சிகரெட் குடித்தவர் என்றால் கேஸ் நிற்காதே?" என்று.

மீசோதீலியோமாவுக்கும் புகைக்கும் சம்பந்தமில்லை. நுரையீரல் புற்றுநோய் என்றால் வேறு கதை. அங்கே புகையும் நாரும் சேர்ந்தால் ஆபத்து பல மடங்கு. கம்பெனி வக்கீல் இரண்டையும் குழப்பத்தான் பார்ப்பார். குறுக்கு விசாரணையில் பெரியம்மாவிடம் "தினம் எத்தனை கட்டு?" என்று கேட்டார்கள். பெரியம்மா, "வெத்தல கட்டா?" என்றார். கோர்ட்டே சிரித்தது. பெரியப்பா வெற்றிலை மட்டும்தான்.

2024 பிப்ரவரி 25

இ.எஸ்.ஐ. (தொழிலாளர் அரசு காப்பீடு) பற்றி முதலில் கேட்டிருக்க வேண்டும், மறந்துவிட்டேன். அப்பா இ.எஸ்.ஐ.யில் இருந்தாரா? இருந்தால் பாதை வேறு. அந்தச் சட்டத்தின் 53ஆம் பிரிவுப்படி இன்சூர் ஆன ஆள் முதலாளியிடம் இழப்பீட்டுச் சட்டத்தில் கேட்க முடியாது. இ.எஸ்.ஐ. கார்ப்பரேஷனிடம்தான் கேட்க வேண்டும், மருத்துவ போர்டு முன்னால் நிற்க வேண்டும். இதைப் பார்க்காமல் மனு போட்டு ஒன்றரை வருடம் கழித்து "இங்கே இல்லை, அங்கே போ" என்று திருப்பி அனுப்பப்பட்டவர்கள் என் கடைக்கே வந்திருக்கிறார்கள்.

சம்பளம் வரம்பைத் தாண்டி இ.எஸ்.ஐ.யிலிருந்து வெளியே வந்திருந்தால் எந்த வருடம் வந்தார் என்று பாருங்கள். சம்பளச் சீட்டில் பிடித்தம் எப்போது நின்றது என்பதை வைத்துச் சொல்லிவிடலாம்.

2024 மார்ச் 3

சம்பளச் சீட்டு ஒன்றுகூட இல்லை என்று எழுதியிருக்கிறீர்கள். இங்கேதான் முக்கால்வாசிப் பேர் நிற்கிறார்கள். நோய் வரும்போது காகிதம் போய்விடுகிறது.

1995 ஜனவரி 27 தீர்ப்பைப் பிடித்துக்கொள்ளுங்கள். அகமதாபாத்தின் நுகர்வோர் கல்வி ஆராய்ச்சி மையம் 1986இல் போட்ட மனு, உச்ச நீதிமன்றம் ஒன்பது வருடம் கழித்துச் சொன்னது. தொழிலாளியின் உடல்நலம் வாழும் உரிமையில் சேர்ந்தது என்றது அந்தத் தீர்ப்பு. அதை எல்லோரும் மேடையில் சொல்வார்கள். எனக்குப் பிடித்தது அதற்குக் கீழே இருக்கும் உத்தரவு: ஒவ்வொரு ஆஸ்பெஸ்டாஸ் ஆலையும் ஒவ்வொரு தொழிலாளியின் உடல்நலப் பதிவேட்டையும் அவர் சேர்ந்த நாளிலிருந்து குறைந்தது 40 வருடம், அல்லது வேலையை விட்டு 15 வருடம், இதில் எது பிந்தியதோ அதுவரை வைத்திருக்க வேண்டும்.

உங்கள் அப்பாவுக்குக் கணக்குப் போடுங்கள். 1987இல் சேர்ந்தார், 40 கூட்டினால் 2027. விட்டது 2011, 15 கூட்டினால் 2026. பிந்தியது 2027. இன்னும் மூன்று வருடம் அந்த ஃபைல் அவர்களிடம் இருந்தே ஆக வேண்டும். பழைய கம்பெனி, வாங்கிய கம்பெனி இரண்டுக்கும் ரிஜிஸ்டர் தபாலில் எழுதிக் கேளுங்கள். ஒப்புகை அட்டையை வைத்துக்கொள்ளுங்கள். "இல்லை" என்று பதில் வந்தால் அதுவும் நல்லதே. மனுவிலும் இரண்டு பேரையும் எதிர்மனுதாரராகச் சேருங்கள், யார் பொறுப்பு என்று அவர்களே அடித்துக்கொள்ளட்டும்.

பெரியப்பா சேர்ந்தது 1966, ஓய்வு 1998. பதினைந்து கூட்டினால் 2013. நாங்கள் மனு போட்டது 2011. பதிவேடு எங்கே என்று கேட்டதற்கு "கரையான் அரித்துவிட்டது" என்றார்கள். ஷீட் கம்பெனியில் கரையான். சுவரும் ஷீட், கூரையும் ஷீட், அந்தக் கரையான் எதைத் தின்று வளர்ந்ததோ!

2024 மார்ச் 5

பெரியப்பா அங்கே வேலை பார்த்தார் என்பதற்கு எங்களிடம் இருந்த முக்கியமான சாட்சி ஒரு எவர்சில்வர் தட்டு. 25 வருடம் முடித்தவர்களுக்கு ஆயுதபூஜையன்று கொடுத்தது. விளிம்பில் கம்பெனி பெயர், அவர் பெயர், டோக்கன் நம்பர், வருடம் எல்லாம் பொறித்திருக்கும். போட்டோ எடுத்துப் போட்டோம். ஒரிஜினல் வேண்டும் என்றதும் பெரியம்மா தர மாட்டேன் என்றார். தினமும் அதில்தான் சாப்பிடுகிறார். கழுவித் துடைத்து, துணிப்பையில் போட்டு, வாய்தாவுக்கு வாய்தா கொண்டுபோய் அப்படியே திரும்பக் கொண்டுவருவேன்.

2024 மார்ச் 6

24 வருடத்தில் தட்டு கிடைக்கவில்லையா? ஒரு வருடத்தில் தட்டிப்போயிற்றே. சரி, சிரிக்கவில்லை. வேறு தேடுங்கள்: தொழிலாளர் கூட்டுறவுக் கடன் சங்க பாஸ்புக், யூனியன் சந்தா ரசீது, பி.எஃப். சீட்டு, எல்.ஐ.சி.க்கு சம்பளத்தில் பிடித்த கடிதம். டோக்கன் நம்பர் எங்கே இருந்தாலும் சரி.

2024 மார்ச் 20

இரண்டு நாள் முன்னால் அமெரிக்கா கிரைசோடைல் என்ற வெள்ளைக் கல்நாரையும் தடை செய்துவிட்டதாம். அதைப் போட்டு "அப்போ அமெரிக்க வக்கீலைப் பிடித்தால் டாலரில் வாங்கலாமா, யூடியூபில் விளம்பரம் வருகிறதே" என்று ஒருவர். முடியாது. அங்கே ஜான்ஸ்-மேன்வில் என்ற ஆஸ்பெஸ்டாஸ் கம்பெனி 1982 ஆகஸ்டில் திவால் மனு கொடுத்தது, வழக்குகள் தாங்காமல். அப்படித் திவாலான கம்பெனிகளின் சொத்திலிருந்து அறக்கட்டளை நிதிகள் உண்டாயின. அந்தக் கம்பெனியின் சரக்கைத்தான் நீங்கள் கையாண்டீர்கள் என்று காட்டினால்தான் அந்த நிதி. நம் ஊர் ஷீட்டுக்கு இல்லை.

இந்தியாவில் வெட்டி எடுப்பதற்கு 1993இலேயே தடை வந்துவிட்டது. வெளியிலிருந்து, பெரும்பாலும் ரஷ்யாவிலிருந்து, வாங்கி ஷீட் போடுவதற்குத் தடை இல்லை. முழுத் தடை கேட்டுப் போன மனுவை உச்ச நீதிமன்றம் 2011இல் தள்ளிவிட்டது. தள்ளும்போதும் 1995 உத்தரவுகளை மறுபடி சொல்லிவைத்தது, அதுவரை நமக்கு லாபம்.

2024 மார்ச் 31

வெளிநாட்டுத் தாய்க்கம்பெனி மேல் போக முடியாதா என்ற கேள்விக்கு "முடியாது" என்று ஒரே வார்த்தையில் தனிச்செய்தியில் சொல்லியிருந்தேன். அவசரம். முடிந்திருக்கிறது, ஒரு இடத்தில்.

தென்னாப்பிரிக்காவில் கேப் என்ற பிரிட்டிஷ் கம்பெனியின் ஆஸ்பெஸ்டாஸ் சுரங்கத்திலும் ஆலையிலும் வேலை பார்த்தவர்கள், பக்கத்தில் குடியிருந்தவர்கள், லண்டனில் வழக்குப் போட்டார்கள். "உங்கள் நாட்டில் போய்ப் போடுங்கள்" என்றது கம்பெனி. 2000 ஜூலையில் பிரபுக்கள் சபை (அப்போது பிரிட்டனின் உச்ச நீதிமன்றம் அதுதான்), அங்கே போனால் இவர்களுக்கு வக்கீல் வைக்கவும் வழியில்லை, நியாயம் கிடைக்காது, இங்கேயே நடக்கட்டும் என்றது. அதுவரை கேட்க நன்றாக இருக்கிறது. முதலில் பேசிய சமரசம் முறிந்து, கடைசியில் 2003இல் கம்பெனி கொடுத்தது 75 லட்சம் பவுண்டு, 7,500 பேருக்கு. வகுத்துப் பாருங்கள். ஆளுக்கு ஆயிரம் பவுண்டு.

2024 ஏப்ரல் 14

புத்தாண்டும் அதுவுமாக இதை எழுதுகிறேன். "துணி துவைத்த பெண்களுக்கு ஏதாவது உண்டா?" என்று ஒரு அக்கா கேட்டிருந்தார்.

பெரியப்பா மூட்டை பிரிக்கும் இடத்தில் இருந்தார். கோணிச் சாக்கைக் கத்தியால் கிழித்து, நாரைக் கையால் அள்ளித் தொட்டியில் கொட்டுவது. பஞ்சு என்றுதான் சொல்வார்கள். வீட்டுக்கு வரும்போது புருவம் வெள்ளையாக இருக்கும். நாங்கள் "தாத்தா வந்துட்டார்" என்று கத்துவோம், அவருக்கு அப்போது நாற்பது இருக்கும். பெரியம்மா காக்கிச் சட்டையைக் கல்லில் அடிப்பதற்கு முன் நன்றாக உதறுவார். உதறும்போது வெயிலில் மினுமினுக்கும். காலிச் சாக்கைக் கம்பெனியில் சும்மா கொடுப்பார்கள், அதில் புளி கட்டி வைத்திருந்தோம்.

இழப்பீட்டுச் சட்டம் ஊழியருக்குத்தான். வீட்டில் உதறியவர் அதில் வரமாட்டார். சிவில் வழக்குதான், கவனக்குறைவு என்று. இங்கிலாந்தில் லீட்ஸ் பக்கம் ஆர்ம்லி என்ற இடத்தில், ஆலையில் வேலையே பார்க்காத ஜூன் ஹான்காக் அப்படி ஜெயித்தார். சின்னப் பிள்ளையாக ஆலைத் தெருவில் விளையாடியவர். அங்கே பிள்ளைகள் கொட்டிக் கிடக்கும் நாரை உருட்டிப் பனிப்பந்து போல எறிந்து விளையாடுவார்களாம். அவர் அம்மாவும் அதே நோயில் போனவர். தீர்ப்பு 1995இல், நம் உச்ச நீதிமன்றம் சொன்ன அதே வருடம். அந்த ஆலை டர்னர் அண்ட் நியூவாலுடையது. அந்தக் கம்பெனிக்கு இந்தியாவிலும் ஆலைகள் இருந்தன.

பெரியம்மாவுக்கு 81. ஒன்றும் இல்லை, நன்றாக இருக்கிறார். எழுதும்போதே மரத்தைத் தொட்டுக்கொள்கிறேன்.

2024 ஏப்ரல் 22

"என் வீட்டுக் கூரையே ஆஸ்பத்திரி ஷீட்தான், நான் யார் மேல் கேஸ் போட?" என்பவருக்கு: யார் மேலும் வேண்டாம். ஷீட் முழுசாகக் கிடக்கும்வரை பெரிய பயமில்லை. துளை போடாதீர்கள், ரம்பம் வைக்காதீர்கள், உடைந்ததைச் சுத்தியலால் நொறுக்காதீர்கள். எடுத்தே ஆக வேண்டுமென்றால் நனைத்துவிட்டு முழுசாக இறக்குங்கள். பேர் ஆஸ்பெஸ்டாஸ். ஆனால் நீங்கள் சொன்ன பேரும் தப்பில்லை.

இலங்கை ஹட்டனிலிருந்து ஒரு தம்பி தேயிலைத் தோட்ட லயன் வீட்டுக் கூரைகளைப் பற்றிக் கேட்டிருக்கிறார். உங்கள் அரசாங்கம் 2018இலிருந்து இறக்குமதியை நிறுத்துவதாக இருந்தது. 2017 டிசம்பரில் ரஷ்யா தேயிலைப் பெட்டியில் ஒரு வண்டு இருந்தது என்று இலங்கைத் தேயிலையையே நிறுத்தியது. உடனே ஆஸ்பெஸ்டாஸ் தடையை ஒத்திவைத்தார்கள், தேயிலையும் போக ஆரம்பித்தது. கொழுந்து பறித்தவர் தலைக்கு மேல் அந்த ஷீட் அப்படியே நிற்கிறது. வண்டு என்ன ஆனதென்று யாரும் சொல்லவில்லை.

2024 மே 12

எவ்வளவு கிடைக்கும் என்று எல்லோரும் கேட்கிறீர்கள். மாதச் சம்பள உச்சவரம்பு 2020 ஜனவரியிலிருந்து 15,000. அதில் பாதி 7,500. 65 வயதோ மேலோ என்றால் பெருக்க வேண்டிய எண் 99.37. ஆக 7,45,275 ரூபாய். தாமதமானால் 12 சதவீதம் வட்டி. எந்த வருடத்துச் சம்பளத்தை எடுப்பது என்று ஒரு சண்டை வரும், அதற்குத் தயாராக இருங்கள்.

2024 மே 13

தப்பு. பாதி என்பது இறந்தவருக்கு. உயிரோடு இருந்து முழுசாக முடியாமல் போனவருக்கு 60 சதவீதம். 9,000 பெருக்கல் 99.37, அதாவது 8,94,330. உங்கள் அப்பாவுக்கு இந்தக் கணக்கு. இந்தச் சட்டத்தில் உயிரோடு இருந்தால் ஒன்றரை லட்சம் கூட. சீக்கிரம் போடுங்கள்.

2024 ஜூன் 16

நான் பிப்ரவரியில் எழுதியதில் ஒரு பொய் இருக்கிறது. தெரிந்து சொன்ன பொய் இல்லை, இத்தனை வருடம் சொல்லிச் சொல்லி எனக்கே உண்மையாகிப் போனது.

பெரியப்பா வழக்கு இரண்டு வருடத்தில் அடிபட்டது என்று எழுதினேன். இதைப் படித்துவிட்டுப் பெரியப்பா மகன், என் அண்ணன், போன் செய்தார். "தாமதத்தை மன்னிச்சு கேஸுக்கு நம்பர் போட்டாங்கடா. நீ மறந்துட்டியா?" என்றார். ஆர்டர் நகலை எடுத்துப் பார்த்தேன். தாமதம் மன்னிக்கப்பட்டது. தட்டு சாட்சிப் பொருளாகக் குறியிடப்பட்டது. 2013இல் ஒரு வாய்தாவுக்கு எங்கள் பக்கம் யாரும் போகவில்லை, ஆஜராகாததால் தள்ளுபடி. மறுபடி எடுக்க மனு போட்டிருக்கலாம், பெரியம்மா "போதும்பா, அலைஞ்சது" என்றுவிட்டார்.

அந்தத் தேதியைச் சீனியர் டைரியில் எழுத வேண்டியவன் நான். வேறு கேஸ் கட்டில் எழுதிவிட்டேன். அண்ணன் அதைச் சொல்லவில்லை. எனக்கே தெரியும்.

ஆகவே திருத்தம்: இரண்டு வருடக் கெடு உங்களைக் கொல்லாது. வாய்தாதான் கொல்லும்.

2024 ஜூன் 17

ஆறுதல் சொல்லி எழுதியவர்கள் வேண்டாம். தேதியை மூன்று இடத்தில் எழுதுங்கள்: காலண்டரில், போனில், கதவுக்குப் பின்னால்.

2024 ஆகஸ்ட் 4

உங்கள் செய்தி பார்த்தேன். அப்பா ஆடிப்பெருக்கன்று போய்விட்டார் என்று. மே மாதக் கணக்கை எழுதிய கையை வெட்டிக்கொள்ளலாம் போல இருக்கிறது.

இப்போது சொல்லக் கூடாதுதான், ஆனால் பத்து நாள் கழித்துச் சொன்னால் பிரயோசனமில்லை. மரணச் சான்றில் காரணம் "இருதயம் நின்றது" என்று மட்டும் இருந்தால் விடாதீர்கள். எல்லோருக்கும் கடைசியில் இருதயம்தான் நிற்கும். மீசோதீலியோமா என்ற சொல் ஆஸ்பத்திரி கொடுக்கும் காரணச் சீட்டில் வர வேண்டும். பயாப்ஸி எடுத்த சதையை மெழுகுக் கட்டியாக லேபில் வைத்திருப்பார்கள், அதை அழிக்காமல் வைக்கச் சொல்லி எழுதிக் கொடுங்கள். அம்மாவையும் உங்களையும் வாரிசாகச் சேர்க்க மனு. அதற்கு மேல் எல்லாம் காரியம் முடிந்து பேசலாம்.

2024 செப்டம்பர் 29

ஒப்பந்த ஆளாக நான்கு ஆலையில் மாறி மாறி வேலை பார்த்தவருக்கு எந்த ஆலையின் நார் என்று எப்படிச் சொல்வது என்று ஒருவர். யாராலும் சொல்ல முடியாது. பிரிட்டனில் 2002இல் ஃபேர்சைல்ட் வழக்கில் இதே கேள்விதான். எந்த நார் என்று சொல்ல முடியாததால் எல்லா முதலாளியும் தப்பிப்பது நியாயமில்லை, ஆபத்தைக் கூட்டிய ஒவ்வொருவரும் பொறுப்பு என்றார்கள். இங்கே அது கட்டாயம் இல்லை, ஆனால் வக்கீல் வாதத்தில் எடுத்துச் சொல்லலாம். நான்கு ஆலையையும் சேர்க்கச் சொல்லுங்கள்.

2024 நவம்பர் 17

முதல் கேள்வி கேட்டவரின் மனுவுக்கு வழக்கு நம்பர் விழுந்துவிட்டது. பழைய கம்பெனி "எங்களிடம் பதிவேடு இல்லை" என்று எழுத்தில் கொடுத்திருக்கிறது. வாங்கிய கம்பெனி பதிலே போடவில்லை. இரண்டும் மனுவோடு சேர்ந்தாயிற்று.

சாட்சி பிரச்சினையும் கொஞ்சம் தீர்ந்தது. இவர் அம்மா பீரோ அடியிலிருந்து ஒரு ஆயுதபூஜை போட்டோ எடுத்திருக்கிறார். 1994. மிஷினுக்கு வாழைமரம் கட்டி, பொட்டு வைத்து, முன்னால் கம்பெனி போர்டு, பதினான்கு பேர். அப்பா இடமிருந்து மூன்றாவது. என் கடையில் பெரிதாக்கிப் பிரிண்ட் போட்டேன். வெள்ளைச் சட்டையா, சட்டை மேல் வெள்ளையா என்று தெரியவில்லை. அம்மா ஒவ்வொரு தலைக்கும் பெயர் சொன்னார், நான் பென்சிலால் எழுதினேன். பதினான்கில் ஒன்பது பேர் இல்லை. இருவர் எங்கே என்று தெரியவில்லை. ஒருவர் மகனோடு வெளியூரில், ஒருவருக்குப் பக்கவாதம்.

பின்வரிசையில் கடைசி ஆள் பக்கத்து ஊரிலேயே இருக்கிறார். நேற்று போனில் பேசினேன். சாட்சி சொல்ல வருகிறேன் என்றார். பேசும்போது இரண்டு முறை நிறுத்தி மூச்சு வாங்கினார். "எனக்கும் டிபின்னுதான் சொல்றாங்க தம்பி" என்றார். நாளைக் காலை கடைக்கு வருகிறார். எக்ஸ்ரே படத்தை மடிக்காமல் கொண்டுவரச் சொல்லியிருக்கிறேன்.